வளையலில் இழுத்துக் கட்டிய நட்சத்திரங்கள்: ஒரு கிராமத் திருச்சபையின் குரோஷா கிறிஸ்மஸ், 2023

இது எங்கள் ஆலயத்தின் கிறிஸ்மஸ் அலங்காரத்தைக் குரோஷாவில், அதாவது கொக்கி ஊசியால் நூலைப் பின்னிச் செய்த வேலையின் பதிவு. 2023 ஆகஸ்டில் தொடங்கி 2024 ஜனவரியில் முடிந்தது. ஈடுபட்டவர்களின் பெயரோ ஊரின் பெயரோ இதில் இல்லை. வேலை நடந்த மாதங்களில் நூல் கணக்கையும் வரவு செலவையும் எழுதி வைத்தவள் நான். அந்த நோட்டில் இருந்ததைத்தான் இங்கே விரித்து எழுதுகிறேன். குரோஷா கற்றுக்கொடுக்கும் வீடியோக்கள் ஏராளம் கிடைக்கின்றன. கிறிஸ்மஸ் அலங்காரம் பற்றியவை பெரும்பாலும் டிசம்பரில் வீட்டுக்குள் காற்று காய்ந்து கிடக்கும் நாடுகளில் எடுக்கப்பட்டவை. வடகிழக்குப் பருவமழையில், ஜன்னல் திறந்த ஆலயத்தில், அதே பின்னல் என்ன ஆகும் என்பது அவற்றில் இல்லை. அதற்காகவே இது.

பின்னணி

நெல்லை மாவட்டத்தின் தென்கோடி. செம்மணல் மேடுகளான தேரியும் பனங்காடும் சேர்கிற இடத்தில், சற்று மேடான நிலத்தில் ஆலயம். நூற்றுச் சொச்சம் குடும்பங்கள். அலங்காரம் வழக்கமாக வாலிபர் சங்கத்தின் பொறுப்பு. டிசம்பர் பிறந்ததும் தெர்மோகோல், ஜிகினாத் தோரணம், பிளாஸ்டிக் பந்து, ரிப்பன் என்று வாங்கி வருவார்கள். ஜனவரியில் கழற்றி ஆலயத்துக்குப் பின்னால் குவித்து எரிப்பார்கள். 2022 கிறிஸ்மஸ் முடிந்து அப்படி எரித்தபோது, பக்கத்து வீட்டுக் கைக்குழந்தைக்குப் புகையால் மூச்சுத் திணறி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டியதாயிற்று. குழந்தை தேறிவிட்டது. அதன் தாய் பெண்கள் ஐக்கிய சங்கத்தில் இருப்பவர். அடுத்த வருடம் எரிக்கிற மாதிரி எதையும் வாங்கக் கூடாது என்ற பேச்சு அவரிடமிருந்துதான் தொடங்கியது.

நூல் வேலை இந்தப் பக்கத்துக்குப் புதிதல்ல. நாகர்கோவிலில் மிஷனரியாக இருந்த சார்லஸ் மால்ட்டின் மனைவி மார்த்தா, 1820களில் அங்கே பெண்பிள்ளைகளுக்கு லேஸ் பின்னக் கற்றுக்கொடுத்தார். அவருடைய மகள் எலைசா 1844இல் கால்டுவெல்லை மணந்து இடையன்குடிக்கு வந்தார். லேஸும் அவரோடு தேரிக்காட்டுக்கு வந்தது. அது தலையணையில் குண்டூசி குத்தி, சிறு கட்டைகளில் சுற்றிய நூலை மாற்றி மாற்றிப் பின்னுகிற லேஸ். குரோஷா வேறு, அதற்கு ஒரு கொக்கி ஊசி போதும். ஆனாலும் பள்ளிக்கூடத்தில் கைவேலைக்கென்று ஒரு வகுப்பு இருக்க வேண்டும் என்ற பழக்கம் இப்பகுதியில் வெகுகாலம் நின்றது. எங்கள் சபையின் மூத்த பெண்கள் குரோஷா கற்றது அப்படி ஒரு வகுப்பில்தான். மேசை விரிப்பு, தலையணை உறை ஓரம், டிவி பெட்டிக்கு மேல் போடும் விரிப்பு என்று ஒரு காலத்தில் நிறையப் பின்னியிருக்கிறார்கள். டிவி சுவரில் ஒட்டிக்கொண்ட பிறகு விரிப்புக்கு இடமில்லை. ஊசிகள் தையல் பெட்டியின் அடியில் கிடந்தன.

யார், எதைக் கொண்டு

குரோஷா நன்றாகத் தெரிந்த ஆச்சிமார் மூன்று பேர். மூவரும் எழுபதைத் தாண்டியவர்கள். ஆரி வேலையும் பிளவுஸ் தையலும் செய்கிற ஒரு அக்கா. வீடியோ பார்த்துக் கற்றுக்கொண்ட கல்லூரி மாணவிகள் சிலர். இவர்களோடு, ஊசியே பிடித்திராத ஒரு பத்துப் பேர்.

முதலில் நூல். மாணவிகள் அக்ரிலிக் உல்லன் கேட்டார்கள்: விலை குறைவு, தடிமனாக இருப்பதால் சீக்கிரம் முடியும், நிறமும் நிறைய. ஆச்சிமார் பருத்தி என்றார்கள். இரண்டிலும் ஒரு மணியும் ஒரு நட்சத்திரமும் பின்னிப் பார்த்தோம். எங்கள் ஊரில் கிறிஸ்மஸ் மரம் என்றால் சவுக்குக் கிளை. அதன் நுனி மெலிந்தது. உல்லன் மணியைத் தொங்கவிட்டதும் தலைகுனிந்துவிட்டது. உல்லன் கஞ்சியையும் சரியாக ஏற்கவில்லை. அதோடு அக்ரிலிக் தீப்பட்டால் உருகிச் சொட்டும், சொட்டினது தோலில் ஒட்டும். மெழுகுவர்த்தி ஆராதனை நடக்கிற இடத்தில் அது வேண்டாம் என்று பெண்கள் சங்கம் முடிவெடுத்தது. பருத்தியும் எரியத்தான் செய்யும். அதனால் எந்த நூலானாலும் மெழுகுவர்த்தி பிடித்து நிற்கிறவர் கைக்கு எட்டும் உயரத்தில் எதையும் கட்டக் கூடாது என்றும், மரத்தில் எல்இடி விளக்கு மட்டுமே என்றும் கூடவே எழுதிக்கொண்டோம்.

வாங்கியது 20ஆம் நம்பர் மெர்சரைஸ்டு பருத்தி நூல், வெள்ளையும் சந்தன நிறமும். நம்பர் கூடக் கூட நூல் மெலியும். 40 இன்னும் அழகாக வரும், ஆனால் புதிதாகப் பழகுகிறவர் கண்ணுக்கு அது பாரம். காரச் சோடாவில் பதப்படுத்திய நூல் என்பதால் மெர்சரைஸ்டில் ஒரு மினுமினுப்பு உண்டு, சுருக்கமும் குறைவு. ஊசி 1.25, 1.5 மி.மீ. அளவுகளில். அடிக்கடி பின்னுகிறவர்கள் 1.25ஐயும், கை இறுக்கமாக உள்ளவர்கள் 1.5ஐயும் எடுத்துக்கொண்டார்கள்.

என்ன பின்னுவது என்பதில் வாக்குவாதம் அதிகமில்லை. வீடியோக்களில் பெரும்பாலும் பனிப்பூதான் (ஸ்னோஃப்ளேக்). பனிப்பூவை இந்த ஊரில் ஒருவரும் கண்டதில்லை. நட்சத்திரத்தை ஒவ்வொரு வீட்டு முற்றத்திலும் கட்டுகிறோம். எனவே நட்சத்திரம் முதலில், அப்புறம் மணி, தேவதூதர். பனிப்பூவும் சில இருக்கட்டும் என்று மாணவிகள் கேட்டார்கள், விட்டுவிட்டோம்.

ஒரே கணக்கு, இரண்டு அளவு

செப்டம்பர் முதல் வாரத்தில் முதல் தொகுதி நட்சத்திரங்கள் மேசைக்கு வந்தன. மாணவிகள் பின்னியவை உள்ளங்கை அகலம், தட்டையாகப் படிந்திருந்தன. மூத்த ஆச்சி பின்னியவை அவற்றைவிடச் சிறியவை. ஓரம் அப்பளம்போல் அலை அலையாக நெளிந்திருந்தது. ஆச்சிக்குக் கண் சரியில்லை, எண்ணிக்கை தவறியிருக்கும் என்று இரண்டு பேர் தாழ்ந்த குரலில் பேசிக்கொண்டார்கள். அது அவர் காதில் விழுந்துவிட்டது. "ஏட்டி, நீ சொன்ன எண்ணத்ததான போட்டேன், எண்ணிப் பாரு" என்று நட்சத்திரத்தை மேசையில் வைத்துவிட்டு எழுந்துபோனார்.

தையல் அக்கா இரண்டையும் எடுத்து வெளிச்சத்தில் பிடித்து எண்ணினார். எண்ணிக்கை இரண்டிலும் ஒன்றேதான். வித்தியாசம் பின்னலின் உயரத்தில் இருந்தது. வீடியோ அமெரிக்க முறை. அதில் டபுள் குரோஷே என்றால் ஊசியில் ஒரு தடவை நூலைச் சுற்றிக்கொண்டு போடுகிற உயரமான பின்னல். ஆச்சி பள்ளியில் கற்றது பிரிட்டிஷ் முறை. அதில் டபுள் என்றால் நூல் சுற்றாமல் போடுகிற குட்டைப் பின்னல். அமெரிக்க டபுளுக்கு அங்கே டிரெபிள் என்று பெயர். மாணவி வாயால் படித்துச் சொல்ல, ஆச்சி தனக்குத் தெரிந்த டபுளைப் போட்டிருக்கிறார். உயரம் குறைந்து எண்ணிக்கை மட்டும் அப்படியே இருந்தால், சுற்றளவுக்கு ஏற்ற விட்டம் கிடைக்காது. ஓரம் நெளியத்தான் செய்யும்.

அன்றே இரண்டு தீர்மானங்கள். இனி வாயால் படித்துச் சொல்வது கிடையாது. ஒவ்வொரு வடிவத்துக்கும் ஒரு மாதிரி பின்னி, அட்டையில் தைத்து, பக்கத்தில் குறியீட்டுப் படம் வரைந்து சுவரில் மாட்ட வேண்டும். பெயர் சொல்லியே ஆக வேண்டும் என்றால் ஆச்சிமாரின் பெயர்களையே எல்லோரும் பயன்படுத்த வேண்டும். மாணவிகள் தெரிந்ததை மாற்றிக்கொள்வது எளிது. ஐம்பது அறுபது வருடம் கையில் பழகியதை மாற்றச் சொல்வது நியாயமும் இல்லை, நடக்கவும் நடக்காது. தையல் அக்கா ஆச்சி வீட்டுக்கே போய் விஷயத்தைச் சொன்னார். அடுத்த சனிக்கிழமை ஆச்சி வந்துவிட்டார். அதன்பின் மாதிரி அட்டைகளைப் பின்னியது அவர்தான்.

அந்த நட்சத்திரத்தின் கணக்கை இங்கே தருகிறேன், டிரெபிள் என்பது ஒரு சுற்று நூலோடு போடும் உயரப் பின்னல் என்று எடுத்துக்கொள்ளுங்கள். 6 சங்கிலி (கண்ணிக்குள் கண்ணியாக நூலை இழுப்பது) போட்டு வளையமாகச் சேர்க்கவும். முதல் சுற்றில் 3 சங்கிலி (அது ஒரு டிரெபிளுக்குச் சமம்), வளையத்துக்குள் 1 டிரெபிள், 2 சங்கிலி. பிறகு 2 டிரெபிள், 2 சங்கிலி என்று ஐந்து முறை. முடித்து இணைத்தால் ஆறு இடைவெளி இருக்கும். இரண்டாம் சுற்றில் ஒவ்வொரு இடைவெளிக்குள்ளும் 2 டிரெபிள், 3 சங்கிலி, 2 டிரெபிள். மூன்றாம் சுற்றில் ஒவ்வொரு 3 சங்கிலி முனையிலும் 3 டிரெபிள், நுனிக்கு 3 சங்கிலியில் ஒரு பிக்காட் (சிறு வளைவு), மறுபடி 3 டிரெபிள். இரண்டு முனைகளுக்கு நடுவே உள்ள பள்ளத்தில் ஒரு குட்டைப் பின்னலால் இறுக்கிப் பிடிக்கவும். அந்தக் குட்டைப் பின்னல்தான் முனைகளைப் பிரித்துக் காட்டும். அதை விட்டால் நட்சத்திரம் பூவாகிவிடும்.

கஞ்சி

பின்னி முடித்த நட்சத்திரம் கைக்குட்டை போலத் துவண்டு கிடக்கும். அதை விறைக்க வைக்க வேண்டும். ஆச்சிமாருக்குத் தெரிந்த வழி ஜவ்வரிசிக் கஞ்சி, பருத்திச் சேலைக்குப் போடுவதையே கொஞ்சம் கெட்டியாக. ஜவ்வரிசியை ஊறவைத்து, கண்ணாடிபோல் தெளிகிற வரை காய்ச்சி, துணியில் வடிகட்டினார்கள். நட்சத்திரத்தை அதில் முக்கி, பிழிந்து, தெர்மோகோல் பலகையில் பட்டர் பேப்பர் விரித்து, முனைக்கு ஒரு குண்டூசியாகக் குத்தி இழுத்து நிறுத்தினார்கள்.

முதல் நாள் வெயிலில் மொட்டை மாடியில் காயவைத்தவற்றில் இரண்டு குறைகள் தெரிந்தன. தேரிக் காற்று அள்ளிவந்த செம்மண் தூசி ஈரக் கஞ்சியில் ஒட்டி, வெள்ளை நட்சத்திரம் காவியேறிவிட்டது. ஊசி குத்திய இடங்களில் துருக்கறை. தூசிக்குக் கொசுவலை கட்டினோம். பலகைகளை வலைக்குள் வைத்தால் காற்றும் வெயிலும் போகும், மண் போகாது. துருவுக்கு எலுமிச்சைச் சாறும் உப்பும் தடவி வெயிலில் வைத்து அலசினால் கறை பெரும்பாலும் போகிறது. எவர்சில்வர் ஊசி வாங்கிய பிறகு அந்தத் தொல்லை இல்லை. சாதாரணக் குண்டூசிப் பெட்டி மலிவுதான், ஆனால் மணிக்கணக்கில் பின்னிய வேலையை ஒரே இரவில் கெடுத்துவிடும். ஈரப் பின்னலில் அதைக் குத்தவே கூடாது.

அக்டோபர் தொடக்கம் வரை காய்ந்தவை தட்டினால் சத்தம் கேட்கிற அளவுக்கு விறைப்பாக இருந்தன. அவற்றைத் தகரப் பெட்டியில் அடுக்கி ஆலயத்தின் உடைமாற்றும் அறையில் வைத்தோம்.

அக்டோபர் பின்பாதியில் மழை பிடித்தது. நவம்பர் நடுவில் பெட்டியைத் திறந்தபோது புளித்த வாடை. மேல் அடுக்கு துவண்டிருந்தது. தேவதூதரின் பாவாடையைக் கூம்பாக நிற்கவைத்திருந்தோம். அது ஒரு பக்கமாகச் சாய்ந்து உட்கார்ந்திருந்தது. கீழ் அடுக்கில் கரும்புள்ளியாகப் பூஞ்சை. சில நட்சத்திரங்களின் ஓரத்தில் நூல் அரித்திருந்தது. பெட்டியைத் தட்டியபோது ராமபாணப் பூச்சிகள் ஓடின.

நடந்தது இதுதான். காய்ந்த மாவுச்சத்து நூலிழைகளைப் படலமாகப் பிடித்து வைப்பதால்தான் பின்னல் விறைக்கிறது. மாவுச்சத்து காற்றில் உள்ள ஈரத்தை இழுக்கும். ஈரம் ஏறியதும் படலம் இளகும். பின்னல் தன் எடைக்குத் தாழும். ஈரமும் மாவும் சேர்ந்த இடம் பூஞ்சைக்கும் பூச்சிக்கும் விருந்து. மூடிய தகரப் பெட்டி அதை இன்னும் மோசமாக்கியது.

ஒரு ஆச்சி பழைய வழியைச் சொன்னார்: கஞ்சியில் சிட்டிகை மயில்துத்தம். போஸ்டர் பசையிலும் புத்தகம் கட்டும் பசையிலும் பூச்சி வராமல் இருக்க அதைப் போடுவது வழக்கம். வேலை செய்யும் என்பதில் சந்தேகமில்லை. ஆனால் அது நஞ்சு. மரத்தின் கீழ்க்கிளையில் தொங்குவதைப் பிடித்து இழுத்து வாயில் வைக்கிற வயதுப் பிள்ளைகள் ஓய்வுநாள் பள்ளியில் இருக்கிறார்கள். சொன்ன ஆச்சியே, "பிள்ளைங்க இருக்க எடத்துல வேண்டாம்" என்று பின்வாங்கினார். அது அத்தோடு முடிந்தது.

ஜன்னல் சோதனையும் வளையலும்

பாதி வேலை வீணாகிவிட்டது என்று சிலர் சோர்ந்தார்கள். அப்படி இல்லை, பின்னல் கெடவில்லை, கஞ்சிதான் கெட்டது. பூஞ்சை பிடித்தவற்றை வெந்நீரில் ஊறவைத்து அலசியதும் பெரும்பாலானவை மீண்டன. பூச்சி அரித்தவை மட்டும் போயின. இப்போது கேள்வி, மறுபடி எதைக் கொண்டு விறைக்க வைப்பது?

தையல் அக்கா ஒரு சோதனை வைக்கச் சொன்னார். ஒரே வடிவத்தில் நான்கு நட்சத்திரம். ஒன்று ஜவ்வரிசிக் கஞ்சி. ஒன்று மைதாக் கஞ்சி. ஒன்று மரவேலைக்குப் பயன்படுத்தும் வெள்ளைப் பசை, சரிபாதித் தண்ணீர் கலந்து. நான்காவதில் கஞ்சியும் இல்லை, பசையும் இல்லை. அதை அவர் ஒரு வளையலுக்குள் இழுத்துக் கட்டியிருந்தார். ஆரி வேலைக்குத் துணியைச் சட்டத்தில் இழுத்துக் கட்டினால் முரசுபோல் நிற்கிறது, நட்சத்திரத்துக்கும் ஒரு சட்டம் கொடுத்துப் பார்க்கலாமே என்பது அவர் யோசனை. நான்கையும் மழைக்காற்று அடிக்கிற வடக்கு ஜன்னலில் தொங்கவிட்டோம்.

ஒரு வாரம் விடாத தூறல். மைதா முதலில் போனது, மூன்றாம் நாளே முனைகள் மடங்கின. தொட்டால் பிசுபிசுப்பு, எறும்பும் வந்தது. ஜவ்வரிசி அதற்கு அடுத்து. வெள்ளைப் பசை சற்றே மெத்தென்று ஆனது, முனைகள் நின்றன. வளையல் நட்சத்திரத்தில் ஒரு மாற்றமும் இல்லை. அதை நிறுத்தி வைத்திருப்பது இழுவிசை. ஈரக்காற்றுக்கு அங்கே இளக்குவதற்கு ஒன்றும் கிடைக்கவில்லை.

அடுத்த ஞாயிறு ஆராதனை முடிந்து, வீட்டில் உபயோகிக்காத வளையல்களைக் கொண்டுவாருங்கள் என்று அறிவிப்பு. அன்று சாயங்காலமே ஒரு அண்டா நிறைய வந்தது. கண்ணாடி வளையலை ஒதுக்கினோம். உடைந்தால் பிள்ளைகள் காலில் குத்தும். முலாம் உரிந்த இரும்பு வளையலையும் ஒதுக்கினோம். துரு நூலில் ஏறும். பிளாஸ்டிக்கும் பித்தளையும் அலுமினியமும் மிஞ்சின.

வேலை இப்படி. முதலில் வளையல் முழுவதையும் குட்டைப் பின்னலால் நெருக்கமாகச் சுற்றி மூட வேண்டும். எந்த நிற வளையலாக இருந்தாலும் வெள்ளையாகிவிடும். 2-6 அளவு வளையலின் உள்விட்டம் 2⅜ அங்குலம், கிட்டத்தட்ட 6 செ.மீ. நட்சத்திரம் 5 செ.மீ.க்கு மேல் போகக் கூடாது. இந்த ஒரு செ.மீ. குறைதான் அதை இறுக்கமாக நிறுத்துகிறது. பிக்காட் நுனியை வளையல் உறையின் பின்னலோடு பிடித்துத் தைக்கும்போது எதிரெதிர் முனைகளை முதலில் கட்ட வேண்டும்: மேல், கீழ், அப்புறம் குறுக்கே. வரிசையாகச் சுற்றிக் கட்டினால் நடுவளையம் ஒரு பக்கம் ஒதுங்கிவிடும். புதிதாகக் கற்றவர்கள் எல்லோரும் வரிசையாகவே கட்ட ஆரம்பித்தார்கள். ஆச்சி பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொருவர் கையையும் திருப்பிவிட்டார்.

ஏற்கெனவே 5 செ.மீ.க்கு மேல் பின்னி முடித்த நட்சத்திரங்களை என்ன செய்வது? 2-8, 2-10 வளையல்கள் அந்த அண்டாவில் கிடைத்தன. அவற்றுக்கும் அடங்காதவற்றுக்குத் தென்னை ஈர்க்கை வளைத்து நூல் சுற்றி வளையம் செய்தார்கள். மணிகளுக்கு வெள்ளைப் பசை என்று முடிவு. டீ கிளாசைப் பாலிதீனால் மூடி, அதன் மேல் மணியைக் கவிழ்த்துக் காயவைத்தால் உருவம் நிற்கும். பசை போட்டதைப் பிறகு துவைக்க முடியாது, தூசி தட்டத்தான் முடியும். மணிக்கு அந்த இழப்பை ஏற்றோம். தேவதூதர்களுக்கு மட்டும், ஆச்சிமாரின் விருப்பப்படி, ஜவ்வரிசிக் கஞ்சியே இருக்கட்டும் என்று விட்டோம். கடைசி வாரத்தில் போட்டு உடனே தொங்கவிட்டால் ஒரு பத்து நாள் தாங்கும் என்பது கணக்கு.

டிசம்பர் 16 முதல் 19 வரை

16ஆம் தேதி சனிக்கிழமை சாயங்காலம் சவுக்குக் கிளையை நட்டு, பாதி அலங்காரம் முடிந்தது. தூணுக்குத் தூண் நைலான் கயிறு கட்டி, வளையல் நட்சத்திரங்களைக் கோர்த்தோம். ஞாயிற்றுக்கிழமை காலை ஆராதனை நடக்கும்போதே மழை வலுத்தது.

17, 18 தேதிகளில் நெல்லை, தூத்துக்குடி மாவட்டங்களில் பெய்த மழையைப் பற்றி இப்பகுதியில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. காயல்பட்டினத்தில் மட்டும் ஒரே நாளில் சுமார் 95 செ.மீ. பதிவானது. தாமிரபரணி கரை மீறியது. எங்கள் ஊரில் ஆறு இல்லை. குளம் உடைந்து தாழ்ந்த தெருக்களில் தண்ணீர் புகுந்தது. மின்சாரம் போனது. கீத பவனி ரத்து. மேட்டில் இருந்ததால் ஆலயம் தப்பியது, கதவைத் திறந்துவிட்டார்கள். ஞாயிறு இரவே பதினைந்துக்கும் மேற்பட்ட குடும்பங்கள் உள்ளே வந்துவிட்டன, கிறிஸ்தவர்கள், இந்துக்கள் எல்லோரும். சாமான் அறையில் அடுப்பு மூட்டிக் கஞ்சி காய்ச்சினார்கள். அலங்காரத்தைப் பற்றி அந்த நாட்களில் ஒருவரும் நினைக்கவில்லை, நினைத்திருந்தால்தான் தவறு. நட்சத்திரம் கோர்த்த கயிற்றிலேயே பிள்ளைகளின் ஈரச் சட்டைகளைக் காயப்போட்டார்கள். எண்பது பேர் மூச்சும், ஈரத்துணியும், சமையல் ஆவியும், சாத்திய ஜன்னலும். எந்தச் சோதனையிலும் நாங்கள் வைத்திராத ஈரம் அது.

19ஆம் தேதி மழை விட்டபின் சுற்றிப் பார்த்துக் குறித்தது: தேவதூதர்கள் அத்தனையும் சரிந்து கிளையோடு ஒட்டிக்கிடந்தன, இரண்டில் எறும்பு. பசை போட்ட மணிகள் மெத்தென்று இருந்தன. ஒன்றுகூட உருவம் மாறவில்லை, வெயில் வந்த இரண்டாம் நாள் பழையபடி விறைத்தன. வளையல் நட்சத்திரங்கள் இழுத்துக் கட்டியபடியே நின்றன. பித்தளை வளையல் மூன்றில் மட்டும் உறையின் இடுக்கில் லேசாகப் பச்சை படர்ந்திருந்தது.

கிறிஸ்மஸ்

மீதி அலங்காரத்தைச் செய்வதா, இருப்பதையும் கழற்றுவதா என்று 20ஆம் தேதி கூடிப் பேசினார்கள். வீடிழந்தவர் இருக்கும்போது தோரணம் எதற்கு என்று ஒரு பக்கம். ஆலயத்தில் தங்கியிருந்த பிள்ளைகள் அந்த நட்சத்திரங்களைத் தினமும் எண்ணிக்கொண்டிருக்கிறார்கள், கழற்றினால் ஏமாந்து போவார்கள் என்று மறு பக்கம். இரண்டாவதைச் சொன்னது, வீட்டில் தண்ணீர் புகுந்து அங்கே தங்கியிருந்த ஒரு தாய். அதற்குப் பிறகு விவாதம் நீளவில்லை. இருப்பது இருக்கட்டும், புதிதாக ஒன்றும் வேண்டாம். சீரியல் விளக்குக்கும் வாசல் வளைவுக்கும் ஒதுக்கிய பணம் போர்வைக்கும் பால் பவுடருக்கும் போனது. சரிந்த தேவதூதர்களைக் கழற்றினோம்.

25ஆம் தேதி அதிகாலை ஆராதனையில் மெழுகுவர்த்தி ஏற்றியபோது, எட்டாத உயரத்தில் கட்ட வேண்டும் என்று ஆகஸ்டிலேயே எழுதியது பயன்பட்டது. கூட்டம் வழக்கத்தைவிட அதிகம். ஈரத்துக்குப் பயந்து ஒரு பக்க வராண்டாவை அடைத்திருந்ததால் எல்லோரும் நெருக்கி நின்றார்கள்.

பிறகு

ஜனவரி 6 சனிக்கிழமை எல்லாவற்றையும் இறக்கினோம். எரிக்க ஒன்றுமில்லை, காய்ந்த சவுக்குக் கிளை ஒருவர் வீட்டு அடுப்புக்குப் போனது. வளையல் நட்சத்திரங்களைச் சோப்புத் தண்ணீரில் அப்படியே அலசி நிழலில் உலர்த்தினோம். பச்சை படிந்த மூன்றையும் பிரித்து வளையல் மாற்றினோம். கஞ்சி போட்டிருந்த தேவதூதர்களைக் கஞ்சி போக அலசித் தட்டையாக மடித்தோம். கஞ்சியோடு எதையும் எடுத்துவைக்கக் கூடாது. தகரப் பெட்டிக்குப் பதில் பருத்தித் துணிப் பைகள், உள்ளே வசம்புத் துண்டு, பீரோவின் மேல் தட்டு.

ஆலயத்தில் பார்த்த ஒருவர் மூலம் டவுனில் உள்ள ஒரு கடையிலிருந்து ஆர்டர் வந்தது: வளையல் நட்சத்திரம் ஒன்றுக்கு 15 ரூபாய், எத்தனை கொடுத்தாலும் எடுத்துக்கொள்கிறோம் என்று. கை பழகியவருக்கே நட்சத்திரம், வளையல் உறை, இழுத்துக் கட்டுவது எல்லாம் சேர்ந்து ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவாக ஆகிறது. நூல் விலை வேறு. சங்கத்தில் இரண்டு பேர் சும்மா இருக்கிற நேரத்தில் செய்வதுதானே என்றார்கள். இதில் எனக்கு உறுதியான கருத்து உண்டு, கூட்டத்திலும் சொன்னேன். சும்மா இருக்கிற நேரம் என்று சொல்லிச் சொல்லித்தான் இந்த வேலைக்குக் கூலி இல்லாமல் போனது. கோதாவரிப் பக்கம் நரசாபூரில் குரோஷா லேஸ் வெளிநாடு வரை போகிறது. பின்னுகிற பெண்களின் கைக்கு வருவது மிகச் சொற்பம். ஆச்சிமார் மூவரும் வேண்டாம் என்றார்கள். ஸ்தோத்திரப் பண்டிகை ஏலத்தில் பத்து நட்சத்திரம் வைப்பது, கிடைப்பதை நூலுக்கு வைத்துக்கொள்வது என்று தீர்மானமானது. கடைக்கு மறுத்து எழுதினோம்.

அடுத்த முறை மாற்றுவது

பின்னல் ஜனவரியிலேயே தொடங்கலாம். அதற்குக் காலநிலை தடையில்லை. ஈரப்படுத்துகிற, காயவைக்கிற எந்த வேலையும் செப்டம்பருக்குள் முடிய வேண்டும். ஆடிக் காற்றில் நன்றாகக் காயும், கொசுவலை மட்டும் அவசியம். புதிய வடிவம் எதுவானாலும் முதலில் ஒன்றைப் பின்னி, முந்தைய வடகிழக்குப் பருவமழையில் ஒரு வாரம் ஜன்னலில் தொங்கவிட்டுப் பார்த்த பிறகே மற்றவை. பித்தளை வளையல் இனி இல்லை. வளையல்களை முதலில் சேகரித்து, அவற்றின் அளவுக்கு நட்சத்திரத்தைப் பின்ன வேண்டும். இந்த முறை அது தலைகீழாக நடந்தது. மாதிரி அட்டைகளின் பின்புறம் வளையல் அளவையும் எழுதிவைத்திருக்கிறோம்.

தேவதூதர்தான் இன்னும் தீராத விஷயம். பசை போட்டால் துவைக்க முடியாது, கஞ்சி நிற்காது. மூத்த ஆச்சி இப்போது பனை ஈர்க்கை நான்காகக் கிழித்து, பாவாடைக்குள் பொருந்துகிற மாதிரி ஒரு கூம்புச் சட்டம் கட்டிப் பார்த்துக்கொண்டிருக்கிறார். அடிவளையத்துக்கு 2-10 பிளாஸ்டிக் வளையல் ஒன்று கேட்டு வாங்கியிருக்கிறார். முதல் இரண்டு சட்டங்கள் நுனியில் பிளந்துவிட்டன. ஈர்க்கை ஒரு இரவு தண்ணீரில் ஊறவைத்து வளைத்த மூன்றாவது நிற்கிறது.